வாரண்ட் இல்லாதவள்

அன்று காலை சூப்பிரண்டு அறையில் இருந்தவர்கள்: பெண்கள் சிறையின் கண்காணிப்பாளர், எல்லோர் வாயிலும் சூப்பிரண்டு. குழந்தைகள் உரிமை ஆணையத்திலிருந்து வந்திருந்த உறுப்பினர் அம்மாள், சளி பிடித்து மூக்கு சிவந்து, கையில் ஈரக் கைக்குட்டையோடு. அவருடன் வந்த எழுத்தர், மடியில் கணினியை வைத்துக்கொண்டு. தையல் பிரிவுக் கைதி ஒருத்தி, நின்றபடி. கதவோரம் கேட் வார்டர், உள்ளே உள்ள எல்லோருக்கும் சாவி அக்கா. அப்புறம் மேஜைக்கு அடியில் ஒரு குழந்தை, சூப்பிரண்டின் ஷூ கயிற்றை அவிழ்க்கும் முயற்சியில்.

கடைசியாகச் சொன்னதைத் தவிர மற்ற எல்லோரும் ஏதோ ஒரு கணக்கில் இருப்பவர்கள். சூப்பிரண்டும் சாவி அக்காவும் சம்பளக் கணக்கில். உறுப்பினரும் எழுத்தரும் கேட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டு உள்ளே வந்த பார்வையாளர்கள். தையல்காரி கைதிகளின் எண்ணிக்கையில். குழந்தை எதிலும் கிடையாது. காலையும் மாலையும் தலை எண்ணும்போது அதுவும் அம்மா பக்கத்தில் வந்து வரிசையில் நிற்கும், கவுன் நுனியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, மூஞ்சியை இறுக்கமாக வைத்துக்கொண்டு. எண்ணிக்கொண்டே வரும் விரல் அதன் தலையைத் தாண்டி அடுத்த ஆளுக்குப் போய்விடும். தினமும் தாண்டும். தினமும் அது கழுத்தை நீட்டிக்கொண்டு அந்த விரலுக்காகக் காத்திருக்கும்.

உள்ளே அதற்கு ஜட்ஜம்மா என்று பெயர். துணி ஊறவைக்கும் வாளியைக் கவிழ்த்துப் போட்டு அதன் மேல் உட்கார்ந்து தீர்ப்புச் சொல்லும். பிஸ்கட் கொடுத்தவளுக்கு விடுதலை. கன்னத்தைக் கிள்ளியவளுக்கு ஆயுள். தலைமுடி வெளுத்த ஒரு கைதி, எல்லா அப்பீலும் தோற்றுப் போனவள், அதன் எதிரில் கை கட்டி நிற்பாள். "ஜட்ஜம்மா, நம்ம கேசு என்னாச்சு?" என்பாள். "நாளைக்கு வா" என்று சொல்லும் குழந்தை. வார்டு முழுக்கச் சிரிக்கும். அந்த வார்த்தையை அதற்கு யாரும் சொல்லித் தரவில்லை. அம்மா கோர்ட்டுக்குப் போய்ப் போய்த் திரும்பி வந்து சொன்னதைக் கேட்டுக் கேட்டு வந்தது.

அது பிறந்தபோதே அதன் அம்மா, அந்தத் தையல்காரி, உள்ளேதான் இருந்தாள். புருஷனைக் கொன்றாள் என்பது கேஸ். கொன்றாளா இல்லையா என்று சாவி அக்கா ஒருநாளும் கேட்டதில்லை. அதெல்லாம் தெரிந்துகொண்டால் பூட்டுகிற கை நடுங்கும், இல்லாவிட்டால் ஓங்கும். இரண்டும் இந்த வேலைக்கு ஆகாது. வயிற்றுப் பிள்ளையோடு வந்தாள், பெற்றாள், ஆறு வயது வரைக்கும் குழந்தை தாயோடு இருக்கலாம் என்று விதி இருக்கிறது, இருக்கிறார்கள். சாயங்காலம் வார்டுக் கதவைச் சாத்தி சாவியைத் திருப்பியதும் உள்ளேயிருந்து ஒரு குரல் வரும். "பூட்டியாச்சா அத்தை?" சாவி அக்கா வெளியிலிருந்து பதில் சொல்வாள். "பூட்டியாச்சு." அதைக் கேட்ட பிறகுதான் அது அம்மா பக்கத்தில் போய்ப் படுக்கும். மற்ற குழந்தைகளுக்குத் தாலாட்டு மாதிரி இதற்குப் பூட்டுச் சத்தம்.

சிறைக்கு எதிரே, சாலையைத் தாண்டினால், ஒரு பாலர் பள்ளி. காலையில் அங்கே பிள்ளைகள் கூட்டமாகப் பாடுவது மதில் மேலே ஏறி உள்ளே இறங்கும். வார்த்தை புரியாது, ராகம் மட்டும் வரும். ஒருநாள் குழந்தை மதிலில் காதை வைத்துக்கொண்டு நின்றது. "என்னடி பண்றே?" என்றாள் அம்மா. "சுவர் பாடுது" என்றது. அதைக் கேட்டுத்தான் தையல்காரி மனு எழுதச் சொன்னாள். பகலில் என் பெண் அந்தப் பள்ளிக்குப் போய்விட்டு சாயங்காலம் என்னிடம் திரும்பி வரட்டும். கேட்டது இவ்வளவுதான். சூப்பிரண்டு முடியாது என்றார். தினமும் கேட்டைத் தாண்டி ஒரு உருப்படி போவதும் வருவதும் பெரிய வம்பு. பையில் யாராவது போனைப் போட்டு அனுப்புவார்கள். சாலையில் ஒரு லாரி இடித்தால் அவர் தலைதான் உருளும். கெட்ட மனுஷன் இல்லை அவர், பயந்த மனுஷன். சட்ட உதவிக்கு வரும் வக்கீல் அந்த மனுவை ஆணையத்துக்கு எடுத்துப் போனார். ஆணையம்தான் இப்போது வந்து தும்மிக்கொண்டிருந்தது.

"மேடம், மரியாதைக் குறைவா எடுத்துக்கக் கூடாது" என்று ஆரம்பித்தார் சூப்பிரண்டு. சட்டம் படித்தவர். வக்கீலாகப் போயிருக்க வேண்டியவர் என்று வார்டர்கள் பேசிக்கொள்வார்கள். "ஆனா இந்த விசாரணையே நிக்காது. இந்தம்மாவோட அப்பீல் கோர்ட்டுல இருக்கு. கோர்ட்டுல இருக்கற விஷயத்துல கமிஷன் கை வைக்க முடியாது. அப்புறம், நீங்க போய்ப் பாக்கலாம்னு சட்டம் சொல்றது குழந்தைங்களுக்குன்னு இருக்கற இல்லம், விடுதி. இது பெரியவங்க ஜெயில். எல்லாத்தையும் விட முக்கியம், இங்க எந்தக் குழந்தையும் காவல்ல இல்லை. காவல்ல இருக்கறது அம்மா. குழந்தை அம்மாவோட தங்கியிருக்கு, அவ்வளவுதான். உங்க அதிகார வரம்பு எங்க கேட்டுக்கு வெளியவே முடிஞ்சிடுது."

"விடுதலை!" என்றது மேஜைக்கு அடியில் ஒரு குரல். கயிறு அவிழ்ந்துவிட்டது.

எழுத்தர் சிரித்துவிட்டு உறுப்பினரைப் பார்த்து வாயை மூடிக்கொண்டான். உறுப்பினர் சிரிக்கவில்லை. சாவி அக்காவுக்கு அந்த அம்மாளைப் பார்த்ததும் நம்பிக்கை போயிருந்தது. கமிஷன் வருகிறது, கமிஷன் வருகிறது என்று ஒரு வாரமாகத் தரையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினார்கள். சிவப்பு விளக்கு வைத்த காரும் பின்னால் நாலு பேரும் வருவார்கள் என்று பார்த்தால், வாடகைக் காரில் ஒரு சளி பிடித்த பொம்பளை.

"அப்பீல் அம்மாவோடது" என்றார் உறுப்பினர். "குழந்தை மேல கேஸ் எதுவும் இல்லையே?"

"இல்லை. ஆனா..."

"ரெண்டாவது, குழந்தை தினமும் படுத்துத் தூங்கற இடம் குழந்தைக்கான இடம்தான்னு நான் சொல்லலாம்."

"சொல்லலாம் மேடம். அது வாதம். சட்டத்துல அப்படி எழுதலை."

"வாஸ்தவம்" என்று உறுப்பினர் தும்மினார். பிறகு நாற்காலியைத் தள்ளிவிட்டுக் குனிந்து மேஜைக்கு அடியில் பார்த்தார். "இங்க வா. ஸ்கூலுக்குப் போறியா? வெளிய போறியா?"

குழந்தை வெளியே வந்து, பழக்க தோஷத்தில் கவுன் நுனியைப் பிடித்துக்கொண்டு நேராக நின்றது. "போனேனே" என்றது. "காலைல வெளிய போனேன். குழாயடி வரைக்கும் போனேன். ஓடினேன்."

சூப்பிரண்டு இரண்டு கையையும் விரித்தார். பாருங்கள், தினமும் வெளியே போகிறது, அதன் வாயாலேயே சொல்கிறது என்பது போல. தையல்காரி தலையைக் குனிந்துகொண்டாள். சாவி அக்காவுக்குத்தான் சுருக்கென்றது. அவள் காதால் தினம் கேட்கும் வார்த்தை அது. உள்ளே என்றால் வார்டு, வெளியே என்றால் முற்றம். மற்றவர்களுக்கு வெளியே என்றால் ஊர், வீடு, பிள்ளைகள், பஸ், கடன், விட்டுவந்த அத்தனையும். அந்த ஒரு வார்த்தையைச் சொல்லும்போது பெண்களின் குரலே மாறும். இதற்கு வெளியே என்றால் குழாயடி. அந்த வார்த்தைக்குள் அதற்கு மேல் இடம் இருக்கிறது என்று அதற்குத் தெரியாது. தெரியாததை எப்படிக் கேட்கும்?

உறுப்பினர் குழந்தையையே ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். மூக்கைச் சிந்தினார். பிறகு நிமிர்ந்து உட்கார்ந்து, ஏதோ மளிகைக் கடையில் சாமான் இல்லை என்றதும் சரி போகட்டும் என்பவர் போலச் சொன்னார்: "சரி. எனக்கு இங்க வரம்பு இல்லை. ஒத்துக்கறேன்."

தையல்காரியின் முகம் அப்படியே விழுந்தது.

"நீங்க சொன்னதை நீங்க சொன்ன மாதிரியே பதிவு பண்ணிக்கலாமா?"

"தாராளமா மேடம்."

எழுத்தர் தட்டியதை வாய்விட்டு வாசித்தான். இந்தச் சிறையில் எந்தக் குழந்தையும் காவலில் இல்லை என்று கண்காணிப்பாளர் தெரிவித்ததை ஏற்று, ஆணையம் தனக்கு அதிகார வரம்பு இல்லை எனக் கண்டு மனுவை முடித்துவைக்கிறது. கரடுமுரடான பாஷை. சாவி அக்காவுக்கு அதில் புரிந்தது முடித்துவைக்கிறது என்பது மட்டும்தான்.

"எனக்கு இந்தக் குழந்தை மேல அதிகாரம் இல்லைன்னா" என்று பையை எடுத்துக்கொண்டே எழுந்தார் உறுப்பினர், "உங்களுக்கும் இல்லை. அப்படித்தானே?"

"அப்படித்தான் மேடம்" என்று ஜெயித்தவர் சிரிப்போடு ஆமாம் போட்டார் சூப்பிரண்டு. ஷூ கயிறு அவிழ்ந்து கிடப்பது அவருக்கு இன்னும் தெரியவில்லை.

அந்தச் சிறைக்கு இரண்டு கேட். உள் கேட் கம்பி போட்டது, முற்றம் தெரியும். வெளி கேட் முழுக்க இரும்புத் தகடு, ஒன்றும் தெரியாது. இரண்டுக்கும் நடுவில் ஒரு கூடம், அதில்தான் சூப்பிரண்டு அறை. ஒரு கேட் பூட்டியிருந்தால்தான் மற்றது திறக்கும். இரண்டும் ஒரே நேரத்தில் திறந்திருந்ததாகச் சாவி அக்காவின் வேலைக் காலத்தில் ஒரு சம்பவமும் கிடையாது. வெளி கேட்டிலும் பெரிய கதவைத் திறப்பது வண்டி வந்தால்தான். ஆட்கள் போய்வர அதற்குள்ளேயே ஒரு திட்டிவாசல், சின்னக் கதவு, உயரம் இடுப்புக்குக் கொஞ்சம் மேலே. யாராக இருந்தாலும் குனிந்துதான் நுழைய வேண்டும், குனிந்துதான் போக வேண்டும். மந்திரி வந்தபோதும் குனிந்தார்.

தையல்காரியையும் குழந்தையையும் உள்ளே அனுப்பி, உள் கேட்டைச் சரிபார்த்துவிட்டு சாவி அக்கா திட்டிவாசலுக்குச் சாவி எடுத்தாள். உறுப்பினர் பக்கத்தில் நின்றுகொண்டு அவள் இடுப்பையே பார்த்தார். சாவிக் கொத்தை.

"நான் வெளிய போகணும்னு கேட்டா நீங்க தொறந்துதானே ஆகணும்?"

"ஆமாங்கம்மா."

"ஏன்?"

இது என்ன கேள்வி என்று இருந்தது சாவி அக்காவுக்கு. "நீங்க கைதி இல்லையே."

"ம்" என்றார் உறுப்பினர். அடுத்து ஏதோ சொல்லப் போகிறார் என்று சாவி அக்கா காத்திருந்தாள். ஆனால் அந்த அம்மாள் பெரிதாக ஒரு தும்மல் போட்டுவிட்டு, குனிந்து, போய்விட்டார். கேட்டைப் பூட்டும்போது சாவி அக்கா மனசுக்குள் திட்டினாள். இதற்கா ஒரு வாரம் தரை தேய்த்தோம்?

பொறி தட்டியது சாயங்காலம்தான். வழக்கம்போலத் தலை எண்ணி முடித்து, வார்டுக் கதவைச் சாத்தி, சாவியைத் துவாரத்தில் விட்டாள். விட்ட கை நின்றுவிட்டது. உள்ளே இருக்கும் ஒவ்வொரு பெண்ணுக்கும் ஒரு வாரண்ட் இருக்கிறது. சீல் வைத்தது, ஜட்ஜ் கையெழுத்துப் போட்டது. சாவி அக்கா கதவைப் பூட்டும்போது அவளாகப் பூட்டவில்லை. எங்கோ ஒரு கோர்ட்டில் உட்கார்ந்திருக்கும் யாரோ ஒருவரின் கை அவள் கை வழியாக வந்து பூட்டுகிறது. அப்படித்தான் அவள் இத்தனை காலம் தூங்கினாள். அந்தக் குழந்தைக்கு வாரண்ட் கிடையாது. எந்த ஜட்ஜும் அதைப் பூட்டச் சொல்லவில்லை. எந்த ஜட்ஜும் அதைக் கேள்விப்பட்டதுகூட இல்லை. அப்படியென்றால் அதை யார் பூட்டுவது? கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். காய்ப்பேறிய விரல், சாவியின் கறை, கல்யாணத்துக்குப் போட்ட மோதிரம். இது ஒரு கை. இதுதான். வேறு யாருடையதும் இல்லை.

உடம்பு சிலிர்த்தது. பயமா என்றால் பயம் இல்லை. சிறுவயதில் முதல் தடவை கடலைப் பார்த்தபோது இப்படி இருந்தது. அப்பா தோளில் உட்கார்ந்திருந்தாள். இது எங்கே முடிகிறது என்று அப்பாவைக் கேட்டாள். கமிஷனுக்கு அதிகாரம் இல்லை. சூப்பிரண்டுக்கு அதிகாரம் இல்லை. கோர்ட்டிலும் அதன் மேல் கேஸ் இல்லை. இத்தனை சுவருக்கு நடுவில், இத்தனை பூட்டுக்கு நடுவில், மூக்கு ஒழுகிக்கொண்டு, யார் அதிகாரத்திலும் இல்லாமல் ஒரு உயிர் உட்கார்ந்திருக்கிறது. அதுவும் கவிழ்த்துப் போட்ட வாளி மேல்.

"பூட்டியாச்சா அத்தை?" என்றது உள்ளேயிருந்து.

சாவி அக்கா சாவியைத் திருப்பினாள். "பூட்டியாச்சு" என்றாள்.

ஆனால் உடனே ஒன்றும் செய்துவிடவில்லை. தெரிந்ததும் கிளம்பிவிடுவதற்கு அவள் ஒன்றும் சினிமாவில் இல்லை. அவள் புருஷனுக்கு முதுகு போய் வண்டி ஓட்டுவதை விட்டாகிவிட்டது. பெண் நர்சிங் படிக்கிறாள். வேலை போனால் வீடு மொத்தமும் உட்கார்ந்துவிடும். சில நாள் அந்த வார்டுப் பக்கம் போவதையே குறைத்துக்கொண்டாள். குழந்தை ஓடிவந்து சாவிக் கொத்தைப் பிடித்து ஆட்டினால் கையைத் தட்டிவிட்டாள். "உனக்கு ஆயுள்" என்றது அது, கோபமாக.

கடைசியில் வாயைத் திறந்தது தையல் பிரிவில். சாயங்காலம் அங்கே கத்தரிக்கோல்களை எல்லாம் சங்கிலியிலிருந்து கழற்றி, எண்ணி, பெட்டியில் போட்டுப் பூட்ட வேண்டும். தையல்காரி ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள். முகத்தைப் பார்க்கவில்லை.

"வந்தாங்க, மூக்கச் சிந்தினாங்க, போனாங்க" என்றாள். "அதுக்கு ஒரு கமிஷனு. இந்த மனுவே போட்டிருக்கக் கூடாது அக்கா."

"அவளைக் கேக்கச் சொல்லு" என்றாள் சாவி அக்கா.

"யாரை?"

"உன் பொண்ணை. கேட்டுல வந்து எங்கிட்ட தொறன்னு கேக்கச் சொல்லு. நீ கேட்டா மாட்டேன்னு சொல்வேன். உன் பேருல வாரண்ட் இருக்கு. அவ கேட்டா..." கத்தரிக்கோல் எண்ணிக்கை விட்டுப்போய் மறுபடி முதலிலிருந்து எண்ணினாள். "அவ கேட்டா என்ன சொல்லி மாட்டேங்கறதுன்னு எனக்குத் தெரியல."

தையல்காரி கையில் இருந்த கத்தரிக்கோலைக் கீழே வைத்தாள். அவள் மூளை எப்போதுமே வேகம். துணியைப் பார்த்ததும் எங்கே வெட்டினால் எது வரும் என்று கண்ணாலேயே அளந்துவிடுபவள். இதையும் அப்படித்தான் அளந்தாள். முகத்தில் ரத்தம் ஏறுவதை சாவி அக்கா பார்த்தாள்.

"உங்க வேலை?"

"அதை நான் பாத்துக்கறேன். நீ பொண்ணுக்குப் பேசச் சொல்லிக்குடு."

அதுதான் லேசில் நடக்கவில்லை. வெளியே என்றால் குழாயடி இல்லை, அதற்கும் அந்தப் பக்கம் என்று அம்மா சொன்னாள். அந்தப் பக்கம் என்ன என்று கேட்டது. மதில் என்றாள். மதிலுக்கு அந்தப் பக்கம்? "மதிலுக்கு அந்தப் பக்கம்தான் வெளிய" என்றாள் அம்மா. குழந்தை யோசித்தது. "மதிலுக்கு அந்தப் பக்கம் மதில்" என்று சொல்லிக் கொடுத்தது அம்மாவுக்கு, பொறுமையாக, மக்குப் பிள்ளைக்குச் சொல்வதுபோல. தலைமுடி வெளுத்த கைதி தரையில் தண்ணீரால் சாலை வரைந்தாள், மரம் வரைந்தாள், பள்ளிக்கூடம் வரைந்தாள். எல்லாப் படமும் காய்ந்து போயிற்று. கடைசியில் அம்மா அதையெல்லாம் விட்டுவிட்டாள். "சுவர் பாடுதுல்ல? யார் பாடறாங்கன்னு பாக்கணுமா?" என்றாள். குழந்தையின் கண் விரிந்தது. சுவருக்குள் ஆள் இருக்கிறார்களா?

ஒரு நாள் குறித்தார்கள். அன்று காலையில் எதிர்ப்பக்கப் பள்ளியின் ஆயா கேட்டுக்கு வெளியே வந்து நிற்பாள் என்று வக்கீல் சொல்லி அனுப்பியிருந்தார். குழந்தைக்கு இறுக்கிப் பின்னல் போட்டு, தையல் பிரிவில் மிஞ்சிய துண்டுத் துணியில் தைத்த ஒரு பையைத் தோளில் மாட்டி, அம்மா அதை உள் கேட் வரைக்கும் கூட்டிவந்தாள். கைதி தாண்டக் கூடாத மஞ்சள் கோட்டில் அவள் நின்றுகொண்டாள். குழந்தை கோட்டைத் தாண்டி வந்து கம்பியைப் பிடித்தது.

"சாவி அத்தை, தொற."

சாவி அக்கா சாவியைத் துவாரத்தில் விட்டாள். திறந்தாள். குழந்தை இந்தப் பக்கம் வந்தது. உள் கேட்டைப் பூட்டினாள். கம்பிக்கு அந்தப் பக்கம் அம்மா, இந்தப் பக்கம் பெண். முதல் தடவையாக.

சத்தம் கேட்டு சூப்பிரண்டு அறையிலிருந்து வந்தார். குழந்தையைப் பார்த்தார், பையைப் பார்த்தார், சாவி அக்காவைப் பார்த்தார்.

"என்ன இது?"

"வெளிய போகணுங்குதுங்கய்யா."

"யார் உத்தரவு?"

"உத்தரவு இல்லீங்க" என்றாள். "பூட்டி வைக்கவும் உத்தரவு இல்லீங்களே அய்யா. அன்னைக்கு நீங்கதான் கமிஷன் அம்மாகிட்ட சொன்னீங்க."

அவர் முகத்தில் முதலில் கோபம்தான் வந்தது. வந்த கோபம் பாதி வழியில் எதிலோ முட்டிக்கொண்டு நின்றது. அவர் அந்தப் பதிவை மனசுக்குள் திரும்ப ஓட்டிப் பார்ப்பது தெரிந்தது. எந்தக் குழந்தையும் காவலில் இல்லை. உங்களுக்கும் இல்லை, அப்படித்தானே? அப்படித்தான் மேடம். அவர் மெதுவாகச் சுவரில் சாய்ந்தார். திட்டுவார் என்று காத்திருந்த சாவி அக்காவுக்கு ஆச்சரியமாக இருந்தது. அந்த மனுஷன் கண்ணில் இருந்தது, நல்ல ஆட்டக்காரன் தன்னை மடக்கிய ஆட்டத்தை எண்ணிப் பார்க்கும்போது வருகிற பிரமிப்பு.

"நான் ஜெயிச்ச கேசு இது" என்றார், யாரிடமோ. பிறகு, "உள்ள அனுப்பு. மேலிடத்துல கேட்டுட்டுப் பாப்போம்."

"எந்தக் கணக்குலங்கய்யா உள்ள அனுப்பறது? கைதின்னா வாரண்ட் வேணும். பார்வையாளர்னா பாஸ் வேணும்."

எதிர்த்துப் பேச வேண்டும் என்று அவள் அதைச் சொல்லவில்லை. நிஜமாகவே தெரியாமல்தான் கேட்டாள். ஆனால் கேட்டதும் அவர் நிமிர்ந்தார். இப்போது அவர் முகத்தில் வேறு ஒன்று இருந்தது.

"அதையே நான் உன்னைக் கேக்கறேன். இப்ப வெளிய விடறே. சாயங்காலம் திரும்பி வருமே. அப்ப எந்தக் கணக்குல உள்ள விடுவே?"

இதைச் சாவி அக்கா யோசிக்கவே இல்லை. யார் அதிகாரத்திலும் இல்லாதவள் வெளியே போகலாம். உள்ளே வர? கம்பிக்கு அந்தப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். தையல்காரிக்கு ஒவ்வொரு வார்த்தையும் கேட்டிருந்தது. மஞ்சள் கோட்டில் நின்றபடி அவள் தன் பெண்ணின் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தாள். பின்னல், பை, கவுனுக்குக் கீழே இரண்டு குச்சிக் கால். துணியில் கத்தரிக்கோலை வைத்துக்கொண்டு, வெட்டலாமா வேண்டாமா என்று பார்க்கும் பார்வை. ஒரு தடவை வெட்டினால் ஒட்டாது. மதிலுக்கு மேலே அந்த நேரத்தில் பாட்டு ஆரம்பித்தது.

குழந்தை தலையைத் தூக்கியது. "பாடுது" என்றது.

"போகட்டும் அக்கா" என்றாள் தையல்காரி.

சூப்பிரண்டு கைக்கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு, "இன்னைக்குச் சாயங்காலம் கேட்டுல நான்தான் இருப்பேன்" என்றார். நல்லதுக்குச் சொன்னாரா, மிரட்டலாகச் சொன்னாரா என்று அவர் குரலில் பிடிபடவில்லை. அறைக்குள் போனார். கதவைச் சாத்திக்கொள்ளவில்லை.

சாவி அக்கா உள் கேட்டை இழுத்துப் பார்த்தாள். பூட்டியிருந்தது. திட்டிவாசலைத் திறந்தாள். அவள் திறந்துவிட எத்தனையோ பேர் அதன் வழியாகப் போயிருக்கிறார்கள். விடுதலையாகி, ஜாமீனில், ஆஸ்பத்திரிக்கு, ஒன்றிரண்டு பேர் துணி சுற்றி. அத்தனை பேரும் தலையைக் குனிந்துகொண்டுதான் போனார்கள், துணி சுற்றியவர்களுக்கும் தூக்கியவர்கள் குனிந்தார்கள். குழந்தை கீழ்ச் சட்டத்தில் ஒரு காலைத் தூக்கி வைத்தது. நிமிர்ந்தபடி தாண்டியது. பின்னலுக்கும் மேல் சட்டத்துக்கும் நடுவில் ஒரு சாண் இடம் மிச்சம் இருந்தது. அந்தக் கதவு யாருக்காகவோ அளந்து செய்து, இவ்வளவு நாள் ஆள் வராமல் காத்திருந்ததுபோல இருந்தது சாவி அக்காவுக்கு.

வெளியே போனது போன இடத்தில் நின்றது. சாலை இந்தப் பக்கமும் போயிற்று, அந்தப் பக்கமும் போயிற்று. இரண்டு பக்கமும் முடிகிற இடத்தில் எதுவும் நிற்கவில்லை. ஒரு சைக்கிள் போயிற்று. அது சின்னதாகிச் சின்னதாகிக் கண்ணுக்குத் தெரியாமல் போகிற வரைக்கும் குழந்தை பார்த்தது. ஒரு ஆள் அப்படித் தேய்ந்து காணாமல் போவதை அது அதுவரை கண்டதில்லை. உள்ளே யாரும் அவ்வளவு தூரம் போவதில்லை. அதன் கை தானாகவே கவுன் நுனியைத் தேடிப் பிடித்துக்கொண்டது. எண்ணுவதற்கு யாராவது வருவார்கள் என்று கழுத்தை நீட்டி நின்றது. பிறகு தலையை அண்ணாந்து, வாயைத் திறந்து, அப்படியே பின்பக்கமாகச் சாய்ந்தது. ஆயா ஓடிவந்து தோளைப் பிடித்துக்கொண்டாள்.

"அத்தை" என்றது, திரும்பாமலேயே. ரகசியம் பேசுகிற குரல். "வெளிய ரொம்ப இருக்கு."

அதற்குமேல் திறந்து வைக்க விதி இல்லை. உள்ளே கம்பிக்குப் பின்னால் ஒரு பெண் மூச்சு விடாமல் நிற்பது சாவி அக்காவுக்கு முதுகில் தெரிந்தது. திட்டிவாசலை இழுத்துச் சாத்தினாள். இரும்பு இரும்பில் பொருந்தியது. வெளிச்சம் ஒரு கோடாகி, கோடும் போயிற்று. சாவியைத் துவாரத்தில் விட்டாள்.

கதவுக்கு அந்தப் பக்கமிருந்து, தினமும் கேட்கிற குரலில், தினமும் கேட்கிற கேள்வி வந்தது.

"பூட்டியாச்சா அத்தை?"

சாவி அக்கா நெற்றியை இரும்புத் தகட்டில் வைத்துக்கொண்டு, சாவியைத் திருப்பினாள்.

"பூட்டியாச்சு."